ரொறன்ரோவின் புறநகரில் இரவில் காரை எங்கே விடுவது? புதிதாகக் குடியேறுவோருக்கு ஒரு வழிகாட்டி

ரொறன்ரோ பெரும்பாகத்தில் புதிதாகக் குடியேறும் குடும்பம் கார் வாங்குவதற்கு முன் காப்புறுதி எவ்வளவு, குளிர்காலச் சக்கரம் வேண்டுமா, எந்த நிறுவனத்தின் வண்டி நின்று உழைக்கும் என்றெல்லாம் நாலு பேரிடம் கேட்டு அறிந்துகொள்கிறது. வாங்கிய காரை இரவில் எங்கே நிறுத்துவது என்பதை மட்டும் அநேகமாக யாரும் கேட்பதில்லை, தெரிந்தவர்களும் சொல்வதில்லை. வீட்டு வாசலுக்கு முன்னால் உள்ள வீதியோரம் வீட்டுக்காரருக்கே உரியது என்ற ஊர்ப்பழக்கத்தில் காரை அங்கே விட்டுவிட்டுப் படுக்கப் போகிறவர், காலையில் கண்ணாடித் துடைப்பானுக்குக் கீழே ஒரு தாள் செருகியிருப்பதைக் கண்ட பிறகுதான் இப்படியும் ஒரு சட்டம் இருப்பதை அறிகிறார்.

மார்க்கம், வோன், பிரம்டன் ஆகிய புறநகர்களையும், ரொறன்ரோவின் ஒரு பகுதியாக இருந்தபோதிலும் புறநகரின் அமைப்பையே கொண்ட ஸ்காபரோவையும் மனத்தில் வைத்து இந்தக் கட்டுரை எழுதப்படுகிறது. இரவுத் தரிப்பு விதிகளைக் கார் ஓட்டக் கற்கும்போது படிக்க வேண்டிய விடயமாக எண்ணாமல், வீடு பார்க்கும்போதே தீர்த்துக்கொள்ள வேண்டிய விடயமாக எடுத்துக்கொள்ள வேண்டும் என்பதே என் கருத்து. எந்த இரவும் வீதியை நம்பாமல் இருக்கக்கூடிய ஒரு வீட்டைத் தெரிவு செய்துவிட்டால், கீழே உள்ளவற்றில் பாதிக்கு உங்களுக்குத் தேவையே வராது.

முதலில், உங்கள் வீதி எந்த நகரசபைக்கு உரியது என்று அறியுங்கள்

வாகனத் தரிப்பு விதிகளை இங்கே பெரும்பாலும் ஒவ்வொரு நகரசபையும் தன் துணைவிதிகளின் மூலம் தானே வகுத்துக்கொள்கிறது. ஆகவே ஸ்காபரோவில் இருக்கும் அண்ணன் சொன்னது மார்க்கத்தில் இருக்கும் தம்பிக்குப் பொருந்தாது. இந்த வேறுபாட்டைக் கண்ணால் காண வேண்டுமானால், மார்க்கம் வீதியும் ஸ்டீல்ஸ் அவெனியூவும் சந்திக்கும் இடத்துக்குப் போய் நின்று பார்க்கலாம். ஸ்டீல்ஸுக்குத் தெற்கே ரொறன்ரோ, வடக்கே மார்க்கம்; இருபுறமும் ஒரே மாதிரியான செங்கல் வீடுகள், ஒரே மாதிரியான மனிதர்கள், ஆனால் இரவு 2 மணிக்குப் பின் வீதியில் நிற்கும் காருக்கு இரண்டு வேறு சட்டங்கள்.

அஞ்சல் முகவரியில் உள்ள பெயரை வைத்து நகரசபையைத் தீர்மானித்துவிட வேண்டாம். ஸ்காபரோ 1998இல் ரொறன்ரோவுடன் இணைக்கப்பட்டுவிட்டது. ஆனாலும் கடிதங்களில் அந்தப் பெயர் இன்னும் வருகிறது. தோர்ன்ஹில் என்று முகவரி எழுதுகிறவர்களில் யங் வீதிக்குக் கிழக்கே இருப்பவர்கள் மார்க்கத்துக்கும், மேற்கே இருப்பவர்கள் வோனுக்கும் உட்பட்டவர்கள். யூனியன்வில் என்பது மார்க்கம். மேப்பிளும் வுட்பிரிட்ஜும் வோன். வீட்டுச் சொத்துவரி எந்த நகரசபைக்குக் கட்டப்படுகிறது என்று வீட்டுக்காரரிடம் கேட்டால் ஐயம் தீர்ந்துவிடும். பிறகு அந்த நகரசபையின் இணையத்தளத்தில் வாகனத் தரிப்பு பற்றிய பக்கத்தை ஒருமுறை முழுமையாக வாசித்துவிடுங்கள். விதிகளும் தண்டத் தொகைகளும் அவ்வப்போது மாறுவதால், பத்து ஆண்டுகளுக்கு முன் வந்தவரின் அறிவுரையைவிட அந்தப் பக்கமே நம்பத்தக்கது.

மூன்று தடைகளையும் குழப்பிக்கொள்ளாதீர்கள்

புதிதாக வருவோர் பெரும்பாலும் தடுமாறுவது இங்கேதான். இரவுத் தடை, மணிக்கணக்குத் தடை, பனி அகற்றும் வேளைத் தடை என்று மூன்று இருக்கின்றன. அவை ஒன்றன்மேல் ஒன்றாக இயங்குகின்றன. ஒன்றிலிருந்து தப்பியவர் மற்றதில் மாட்டிக்கொள்ளலாம்.

மார்க்கம், வோன், பிரம்டன் ஆகிய மூன்று நகரங்களிலும் அதிகாலை 2 மணி முதல் 6 மணி வரை நகர வீதிகளில் வாகனம் நிறுத்தக் கூடாது. இது குளிர்காலச் சட்டம் என்று பலர் நினைத்துக்கொண்டு, ஏப்ரலில் பனி கரைந்ததும் காரை வீதிக்குக் கொண்டுவந்துவிடுகிறார்கள். உண்மையில் இந்தத் தடை ஆண்டு முழுவதும் உண்டு. யூலை மாத வெப்ப இரவிலும் டிக்கெட் எழுதப்படும். கனடாவின் வேறு சில நகரங்களில் குளிர்கால மாதங்களுக்கு மட்டும், அதுவும் வானிலை முன்னறிவிப்பைப் பொறுத்து இரவுத் தடை போடுகிறார்கள் என்பதால், ஒட்டாவாவிலிருந்து இடம்பெயர்ந்து வருகிறவர்கள் இதில் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும்.

இரண்டாவது, ஒரே இடத்தில் தொடர்ந்து எவ்வளவு நேரம் நிற்கலாம் என்ற வரம்பு. வேறு அறிவிப்புப் பலகை இல்லாத இடத்தில் இது மேற்சொன்ன மூன்று நகரங்களிலும் ரொறன்ரோவிலும் 3 மணி நேரம். ரொறன்ரோவின் பழைய பகுதிகளில் வீதித் தரிப்புக்கு நகரசபை அனுமதிச்சீட்டு விற்கிறது. ஆனால் ஸ்காபரோவின் குடியிருப்பு வீதிகளில் அந்த ஏற்பாடு பரவலாக இல்லை. எனவே, ரொறன்ரோவில் நகரம் முழுவதற்குமான அதிகாலை 2 மணி இரவுத் தடை இல்லை என்று ஒருவர் சொன்னால் அதை இரவு முழுவதும் நிறுத்தலாம் என்று பொருள்கொள்ளக் கூடாது. 3 மணி நேர வரம்பு இருட்டிய பின்னும் அங்கேயே இருக்கிறது. அக்கம்பக்கத்தில் எவரும் முறையிடாதவரை ஒன்றும் நடக்காமல் போகலாம். முறைப்பாடு போன அன்று வீதியில் நின்ற எல்லாக் கார்களுக்கும் சேர்த்தே டிக்கெட் வைத்துவிட்டுப் போவார்கள்.

மூன்றாவது தடைக்கு மணிக்கணக்கு கிடையாது. ஒன்ராறியோவின் நெடுஞ்சாலைப் போக்குவரத்துச் சட்டம், 170ஆம் பிரிவில், போக்குவரத்துக்கோ பனி அகற்றும் வேலைக்கோ இடையூறாக வாகனத்தை நிறுத்தக் கூடாது என்கிறது. இது மாகாணச் சட்டம். எந்த நகரத்துக்கும் பொருந்தும். அதன்மேல் நகரசபைகள் தம் சொந்த விதிகளையும் வைத்திருக்கின்றன. எடுத்துக்காட்டாக, பிரம்டனில் பனி அகற்றும் பணி நடப்பதாக அறிவிக்கப்பட்டால், அது முடியும்வரை பகலிலும் வீதியில் காரை விடக் கூடாது. ரொறன்ரோவில் பெரும் பனிப்பொழிவு நிலைமை அறிவிக்கப்பட்டால், பனிப்பாதை என்று பலகை நடப்பட்ட வீதிகளில் 72 மணி நேரம் வாகனம் நிறுத்தத் தடை. மீறி நின்றால் தண்டமும் உண்டு, வண்டியை இழுத்துச் சென்று வேறு இடத்தில் விடுவதும் உண்டு.

ஒவ்வொரு வீதியிலும் பலகை வைத்து எச்சரித்த பிறகுதான் டிக்கெட் தரலாம் என்று நினைத்து வாதாடுகிறவர்கள் இருக்கிறார்கள். நகரம் முழுவதற்குமான விதிகளை நகர எல்லைக்குள் நுழையும் பெருவீதிகளின் ஓரத்திலேயே அறிவித்திருப்பார்கள். அறுபது கிலோமீற்றர் வேகத்தில் கடந்து போகும்போது அந்தச் சிறிய எழுத்தை வாசிக்க எவராலும் முடியாது என்பது உண்மை. ஆனாலும் அந்த வாதம் எடுபடுவதில்லை.

வீதியில் நிற்கும் பலகைகளை வாசிக்கும் முறையும் தெரிந்திருக்க வேண்டும். சிவப்பு வட்டத்துக்குள் 'பி' எழுத்து குறுக்கே வெட்டப்பட்டிருந்தால் அது தரிப்புத் தடை; ஆளை ஏற்றி இறக்கவோ சாமானை இறக்கவோ ஓரிரு நிமிடம் நிற்கலாம். நிற்பதற்கே தடை என்ற பலகையுள்ள இடத்தில் ஆட்களை மட்டும் ஏற்றி இறக்கலாம். சாமான் இறக்க முடியாது. எண்கோண வடிவம் வெட்டப்பட்டிருக்கும் பலகை, பள்ளிக்கூடங்களுக்கு முன்னால் அதிகம் காணப்படுவது. அங்கே எந்தக் காரணத்துக்காகவும் காரை நிறுத்தவே கூடாது. பலகையின் அடியிலுள்ள அம்புக்குறி எந்தப் பக்கம் காட்டுகிறதோ அந்தப் பக்கத்துக்குத்தான் தடை.

வீட்டை ஒப்புக்கொள்வதற்கு முன் தரிப்பிடத்தை எண்ணுங்கள்

பேஸ்மன்ட் வாடகைக்கு என்ற விளம்பரத்தில் 'பார்க்கிங் உண்டு' என்று இரண்டு சொல் இருக்கும். அந்த இரண்டு சொல்லை நம்பிக் கையெழுத்துப் போடாமல், அந்த இடத்தைக் காட்டச் சொல்லிக் கேளுங்கள். மேல் வீட்டில் இரண்டு கார், பேஸ்மன்டில் ஒரு கார் என்றால் மூன்றும் வீட்டுக்கு முன்னாலுள்ள டிரைவ்வேக்குள் எப்படி நிற்கும் என்பதை மாலை நேரத்தில், எல்லோரும் வேலையால் வந்த பிறகு போய்ப் பார்ப்பது நல்லது. பகல் பதினொரு மணிக்கு வீடு காட்டப்படும்போது டிரைவ்வே எப்போதும் காலியாகத்தான் இருக்கும்.

ஒன்ராறியோ ஒழுங்குவிதி 299/19, ஒரு வீட்டில் கூடுதலாக அமைக்கப்படும் ஒவ்வொரு குடியிருப்புக்கும், சில விலக்குகள் நீங்கலாக, ஒரு தரிப்பிடம் இருக்க வேண்டும் என்கிறது. அது இன்னொரு காருக்குப் பின்னாலோ முன்னாலோ அமைந்த இடமாகவும் இருக்கலாம் என்று அதே விதி இடமளிக்கிறது. சட்டத்தின் கண்ணில் இது சரிதான். ஆனால் அதிகாலை ஐந்து மணிக்கு வேலைக்குப் போகிறவரின் கார் உள்ளேயும், பத்து மணிக்கு எழும்புகிறவரின் கார் அதை மறித்து வெளியேயும் நின்றால் என்ன நடக்கும் என்பதை நீங்கள்தான் யோசிக்க வேண்டும். பல வீடுகளில் இரவுப் பணிக்காரர் வீட்டாரை எழுப்பத் தயங்கித் தன் காரை வீதியில் விட்டுவிட்டு டிக்கெட் வாங்குகிறார். யார் கார் முன்னால், யார் கார் பின்னால், மாற்றுத் திறப்பை எந்த இடத்தில் தொங்கவிடுவது, யார் யாருடைய காரை நகர்த்தலாம், அதற்குக் காப்புறுதி இடங்கொடுக்கிறதா என்பவற்றைக் குடிபுகும் முன்பே வெளிப்படையாகப் பேசிவிடுங்கள். பின்னால் வரும் மனக்கசப்பு வாடகையைவிட விலை கூடியது.

பேசியதை எழுத்திலும் வாங்கிக்கொள்ளுங்கள். 2018 ஏப்ரல் 30 முதல் ஒன்ராறியோவில் பெரும்பாலான குடியிருப்பு வாடகைகளுக்கு மாகாணத்தின் பொது ஒப்பந்தப் படிவத்தையே பயன்படுத்த வேண்டும். அதில் வாடகை வீட்டை விவரிக்கும் பகுதியில் எத்தனை தரிப்பிடம், அது எங்கே உள்ளது என்று எழுத இடம் விட்டிருக்கிறார்கள். வாடகைத் தொகையை எழுதும் பகுதியில் தரிப்பிடக் கட்டணத்துக்குத் தனி வரியும் உண்டு. பல ஒப்பந்தங்களில் அந்த இடம் வெறுமையாகவே கிடக்கிறது. "ஒரு கார், டிரைவ்வேயின் இடது பக்கம், தெருப்பக்கமாக" என்பதுபோல் அங்கே எழுதச் சொல்லிக் கேட்பதற்கு வெட்கப்பட வேண்டியதில்லை.

கராஜையும் கணக்கில் சேர்த்தே ஒரு வீட்டுக்கு நான்கு தரிப்பிடம் என்று விளம்பரம் செய்வார்கள். நம் வீடுகளில் கராஜ் என்பது இரண்டாவது குளிர்சாதனப்பெட்டிக்கும், அரிசி மூட்டைக்கும், மீன் பொரிக்கும் அடுப்புக்கும் உரிய இடமாகிவிட்டதை எல்லோரும் அறிவோம். அதில் கார் நுழைந்து பல ஆண்டுகள் ஆகியிருக்கும். ஆகவே கராஜைக் கழித்துவிட்டு எண்ணுவதே நேர்மையான கணக்கு.

டிரைவ்வேயின் நீளத்தையும் கவனியுங்கள். வீதியின் நடைபாதை உள்ள பக்கத்தில் அமைந்த வீடானால், காரின் பின்பகுதி நடைபாதைக்கு மேல் நீட்டிக்கொண்டு நிற்கக் கூடாது. சொந்த டிரைவ்வேயில் நின்றாலும் அதற்கு டிக்கெட் வரும். குளிர்காலத்தில் நடைபாதைப் பனியை வாருவதற்கு ஒரு சிறிய இயந்திர வண்டி வருகிறது. நடைபாதையின் அகலமே அதன் அகலம் என்பதால், ஒரு பெரிய வாகனத்தின் பின்முனை ஒரு முழம் நீட்டிக்கொண்டிருந்தாலும் அதைக் கடந்து போக அதனால் முடியாது. நடைபாதை இல்லாத பக்கத்து வீடுகளுக்கு அதனால்தான் ஒரு காருக்குக் கூடுதலாக இடம் கிடைக்கிறது. வீடு வாங்குவோர் அந்தப் பக்கத்தைத் தேடுவதற்கும் அதுவே காரணம். இடம் போதவில்லை என்று நகரசபையைக் கேட்காமல் முன்முற்றத்துப் புல்லை வெட்டி டிரைவ்வேயை அகலமாக்குவது வேறொரு துணைவிதியை மீறுவதாகிவிடலாம். பழையபடி புல் வைக்கும் செலவும் வீட்டுக்காரரின் தலையில்தான் விழும்.

வீட்டு உரிமையாளர்களுக்குக் கூட்டாக உரிய (கொண்டோ) தொடர்வீட்டுக் குடியிருப்புகளில் உள் வீதிகள் நகரசபைக்கு உரியவை அல்ல. அங்கே விருந்தினர் தரிப்பிடத்தில் எத்தனை இரவு நிற்கலாம் என்பதை அந்தக் குடியிருப்பின் நிர்வாகமே விதித்திருக்கும். அதன் விதிப்புத்தகத்தைக் கேட்டு வாங்குங்கள். அருகிலுள்ள பிளாசாவிலோ பள்ளிக்கூட வளாகத்திலோ சமூக நிலையத்திலோ இரவில் விட்டுவைப்பது தீர்வாகாது. அவற்றுக்குத் தனித்தனித் தடைகள் உண்டு. வீதியில் நிற்கும் காரைவிடத் தனியார் நிலத்தில் நிற்கும் கார்தான் எளிதில் இழுத்துச் செல்லப்படுகிறது.

விருந்தினர் இரவு தங்கும்போது

மொன்றியலிலிருந்து சித்தப்பா குடும்பம் வருகிறது, அல்லது டிரைவ்வேயில் கல் பதிக்கும் வேலை நடக்கிறது என்றால், தற்காலிகமாக வீதியில் நிறுத்தப் பல நகரசபைகளில் அனுமதி கேட்கலாம். இணையத்திலோ தொலைபேசியிலோ இலக்கத் தகட்டு எண்ணையும், கார் நிற்கப்போகும் முகவரியையும், தேதியையும் கொடுத்துப் பதிவு செய்ய வேண்டும். ஓர் இலக்கத் தகட்டுக்கோ ஒரு முகவரிக்கோ ஆண்டுக்கு இத்தனை இரவுதான் என்று வரம்பு இருக்கும். ஆகவே அதை நிரந்தரத் தரிப்பிடமாக்க முடியாது. கோடையிலேயே செலவழித்துவிட்டால் நத்தார் விடுமுறைக்கு ஒன்றும் மிஞ்சாது.

இந்த அனுமதியில் பிழை நேர்வது தேதியில்தான். விருந்தினர் சனிக்கிழமை இரவு தங்குகிறார்கள் என்றால், தடை தொடங்கும் 2 மணி நாட்காட்டியின்படி ஞாயிற்றுக்கிழமையாகிவிடுகிறது. படிவம் கேட்பது காரை நிறுத்தத் தொடங்கும் இரவையா, தடை நடைமுறையில் இருக்கும் காலையையா என்பதை நன்றாக வாசித்த பிறகே தேதியைத் தெரிவு செய்யுங்கள். அடுத்தது எண். ஆங்கில எழுத்து 'ஓ'வுக்குப் பதிலாகச் சுழியமும், 'ஐ'க்குப் பதிலாக ஒன்றும் விழுந்துவிட்டால், அதிகாரியின் கையிலுள்ள கருவியில் உங்கள் விருந்தினரின் கார் அனுமதி இல்லாத கார்தான். கியூபெக் தகடோ அமெரிக்கத் தகடோ என்றால், மாகாணத்தையோ மாநிலத்தையோ சரியாகக் குறிப்பிட வேண்டும். உறுதிப்படுத்தல் எண் வந்ததும் அதைத் திரைப்பிடிப்பாக எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

அனுமதி கிடைத்தாலும் அது இரவுத் தடையையோ மணிக்கணக்கையோ மட்டுமே தளர்த்துகிறது. தீயணைப்பு நீர்க்குழாய்க்கு முன்னாலோ நிறுத்தத் தடைப் பலகைக்கு அடியிலோ விட அது உரிமை தராது. பனி அகற்றும் பணி தொடங்கிவிட்டால் பொதுவாக அந்த அனுமதியும் செல்லாமற் போகும். இந்தக் கடைசி நிபந்தனை படிவத்தின் அடியில் சிறிய எழுத்தில் இருப்பதால், டிசம்பரில் விருந்தினரை அழைப்பவர்கள் அதைக் கட்டாயம் நினைவில் வைத்திருக்க வேண்டும்.

பிறந்தநாள், பூசை, அந்தியேட்டி போன்ற நாட்களில் இருபது கார் ஒரு வீதியில் வந்து நிற்கும். மூன்று மணி நேரத்துக்கு மேல் நீளும் நிகழ்ச்சிகளுக்கு முன்கூட்டியே அனுமதி கேட்பதும், பக்கத்து இரண்டு மூன்று வீட்டாரிடம் ஒரு வார்த்தை சொல்லி வைப்பதும் போதும். டிக்கெட்டுகளில் கணிசமானவை ரோந்தினால் வருவதைவிட, தன் டிரைவ்வே வாயிலை மறித்து நின்ற காரைக் கண்டு எரிச்சலடைந்த அயலவரின் தொலைபேசி அழைப்பினால் வருபவை என்றே எனக்குத் தோன்றுகிறது.

பனி பொழியும் நாளில்

நவம்பர் முதல் ஏப்ரல் தொடக்கம் வரை, படுக்கப் போகும் முன் கனடா சுற்றுச்சூழல் துறையின் முன்னறிவிப்பைப் பார்ப்பது பழக்கமாகிவிட வேண்டும். பனி வரும் என்றால் எல்லாக் கார்களும் பொழுதுபடுவதற்கு முன் டிரைவ்வேக்குள் வந்துவிட வேண்டும். டிரைவ்வேயின் ஓரத்தில் வாரிக் குவிக்கும் பனிக்கும் இடம் வேண்டுமாதலால், ஒக்ரோபரில் நான்கு கார் நின்ற இடத்தில் பெப்ரவரியில் மூன்றுதான் நிற்கும் என்பதையும் முன்னரே கணக்கிட்டுக்கொள்ளுங்கள்.

பனி நின்றுவிட்டது, இனிக் காரை வீதியில் விடலாம் என்று முடிவெடுப்பது பொதுவான தவறு. ஒன்ராறியோ ஒழுங்குவிதி 239/02 நகரசபை வீதிகளை அவற்றின் வேகத்தையும் போக்குவரத்தையும் வைத்து வகுப்புகளாகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் பனியை எவ்வளவு நேரத்துக்குள் அகற்ற வேண்டும் என்று குறைந்தபட்ச அளவை வகுத்திருக்கிறது. முதலாம் வகுப்பு வீதியில் 2.5 செ.மீ. பனி சேர்ந்தால் 4 மணி நேரம்; ஐந்தாம் வகுப்பு வீதியில் 10 செ.மீ. சேர்ந்தால் 24 மணி நேரம். நாம் குடியிருக்கும் சிறு வீதிகள் பெரும்பாலும் பட்டியலின் கீழ்ப்பகுதியில் வருபவை. பல நகரசபைகள் இதைவிட விரைவாகவே வேலையை முடிக்கின்றன என்றாலும், பெருவீதிகளை முடித்துவிட்டுத்தான் பனி வாரும் வண்டி உங்கள் வீதிக்கு வரும். அது மறுநாள் மாலையாகவும் இருக்கலாம். பெரும்பாலான நகரசபைகள் அந்த வண்டிகள் எங்கே நிற்கின்றன என்று காட்டும் வரைபடத்தை இணையத்தில் வைத்திருப்பதால், அதைப் பார்த்து உங்கள் வீதி முடிந்துவிட்டதா என்று உறுதிசெய்துகொள்ளலாம்.

வீதியோரம் நிற்கும் ஒரு காரைப் பனி வாரும் வண்டி நெருங்கினால் அது செய்யக்கூடியது ஒன்றுதான்: அலகைத் திருப்பிக் காரை விலக்கிச் சுற்றிப் போகும். காரின் முன்னும் பின்னும் பனி ஒரு திட்டாக மிஞ்சும்; இரவில் வெப்பநிலை இறங்கியதும் அது கல்லாக இறுகும். அதற்குப் பிறகு அந்த இடத்தைச் சீர்செய்ய வண்டி இன்னொரு தடவை வர வேண்டும், அதுவரை இரண்டு வாகனங்கள் எதிரெதிரே கடக்க முடியாது. 2022 ஜனவரி 17ஆம் தேதிப் பனிப்புயலின் பிறகும், 2025 பெப்ரவரியில் அடுத்தடுத்து வந்த பொழிவுகளின் பிறகும் பனியை ஓரம் தள்ள இடமில்லாமல், லொறிகளில் ஏற்றி அகற்ற வேண்டியதாயிற்று. அப்படி ஏற்றும் வேலைக்கு முன் தற்காலிகத் தடைப் பலகைகளை நட்டுவிட்டுப் போவார்கள். நேற்று இல்லாத பலகை இன்று இருக்கலாம் என்பதால் காரை விட்டு இறங்கும்போது நிமிர்ந்து பாருங்கள்.

பகலில் சிறிது நேரம் நிறுத்த வேண்டியிருந்தாலும், பனிக்காலத்தில் வழக்கமான தூரங்களைக் கண்ணால் அளப்பது கடினம். ஒன்ராறியோ ஓட்டுநர் கையேடு தீயணைப்பு நீர்க்குழாயிலிருந்து 3 மீற்றர், சந்தியிலிருந்து 9 மீற்றர், சமிக்ஞை விளக்குள்ள சந்தியானால் 15 மீற்றர் தள்ளி நிறுத்தச் சொல்கிறது. நீர்க்குழாய் பனிக்குவியலுக்குள் புதைந்து கிடக்கையில் அதைத் தேடிக் கண்டுபிடிப்பது ஓட்டுநரின் பொறுப்பாகவே கருதப்படும். பல இடங்களில் குழாயின் மேல் ஒரு கம்பியோ சிறு அடையாளமோ நீட்டிக்கொண்டிருக்கும். அதைப் பார்க்கப் பழகுங்கள். விளிம்புக்கல்லும் மறைந்துவிடுவதால், குவியலை ஒட்டி நிறுத்திய கார் உண்மையில் வீதியின் நடுப்பகுதி வரை வந்து நிற்கும். அப்படியான வீதியில் எதிர்ப்பக்கத்தில் ஏற்கெனவே ஒரு கார் நின்றால் நீங்கள் வேறு இடம் பார்ப்பதே சரி, ஏனெனில் இரண்டுக்கும் நடுவே தீயணைப்பு வண்டியால் நுழைய முடியாது.

டிரைவ்வேயில் வாரும் பனியை வீதியில் தள்ளிவிடவும் கூடாது. நெடுஞ்சாலைப் போக்குவரத்துச் சட்டத்தின் 181ஆம் பிரிவு அதைத் தடை செய்கிறது. வண்டி போன பிறகு டிரைவ்வே வாயிலில் குவிந்து கிடக்கும் கனத்த பனிவரம்பைச் சில நகரசபைகள் தாமே அகற்றுகின்றன, சில முதியோருக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் மட்டும் விண்ணப்பத்தின்பேரில் அந்த உதவியைத் தருகின்றன. வீட்டில் வயதானவர்கள் இருந்தால் குளிர்காலம் தொடங்கும் முன்பே விசாரித்துப் பதிந்துவிடுங்கள்.

கார் நின்ற இடத்தில் இல்லையென்றால்

களவு போய்விட்டது என்று பதறுவதற்கு முன், நகரசபையின் பொது எண்ணையும் பொலிஸின் அவசரமல்லாத எண்ணையும் அழைத்து இலக்கத் தகட்டைச் சொல்லிக் கேளுங்கள். இழுத்துச் செல்லப்பட்ட வாகனம் அவர்களின் பதிவில் இருக்கும். பனி அகற்றுவதற்காக அடுத்த வீதிக்கு நகர்த்திவிட்டுப் போயிருக்கவும் கூடும். வாகனக் காப்பகத்தில் இருந்தால் நாள்தோறும் கட்டணம் ஏறும் என்பதால் அன்றே போய் எடுப்பது நல்லது. 2024 ஜனவரி முதல் ஒன்ராறியோவில் டோ வண்டி நிறுவனங்களும் வாகனக் காப்பகங்களும் மாகாணத்தின் சான்றிதழ் பெற்றிருக்க வேண்டும். தொகைகளைப் பிரித்து எழுதிய சீட்டைக் கேட்டு வாங்குங்கள்.

டிக்கெட் வந்துவிட்டால்

முதலில் நின்ற இடத்தை, அருகிலுள்ள பலகைகளை, பனியின் நிலையைக் கைப்பேசியில் படம் எடுங்கள். அதன் பிறகு தாளின் இரு பக்கத்தையும் வாசியுங்கள்: தகட்டு எண், வீதிப்பெயர், நேரம், எந்த விதி மீறப்பட்டது என்பவை சரியாக இருக்கின்றனவா என்று பாருங்கள். அனுமதி பெற்றிருந்தும் டிக்கெட் வந்திருந்தால், உறுதிப்படுத்தல் எண்ணுடன் அணுகினால் பொதுவாகப் பிரச்சினை தீர்ந்துவிடும்.

மார்க்கம், வோன், பிரம்டன், ரொறன்ரோ ஆகிய நான்கும் தரிப்புத் தண்டங்களை இப்போது நீதிமன்றத்துக்குக் கொண்டுபோவதில்லை. நகரசபையின் நிருவாகத் தண்டமுறையில் அவை தீர்க்கப்படுகின்றன. ரொறன்ரோ 2017 ஆகஸ்டில் இதற்கு மாறியது. பணத்தைக் கட்டுவதற்கோ மறுபரிசீலனை கேட்பதற்கோ பொதுவாக 15 நாள் தருகிறார்கள்; இறுதி நாள் தாளிலேயே இருக்கும். மறுபரிசீலனை கேட்டால் முதலில் ஒரு பரிசீலனை அதிகாரி உங்கள் விளக்கத்தைக் கேட்டு, தண்டத்தை உறுதிசெய்யவோ குறைக்கவோ நீக்கவோ கட்டுவதற்குக் கூடுதல் காலம் தரவோ செய்வார். அதில் உடன்பாடில்லாவிட்டால் விசாரணை அதிகாரியிடம் போகலாம். அவருடைய முடிவே இறுதியானது. சட்டத்தரணி தேவையில்லை. புதிதாக வந்தேன், சட்டம் தெரியாது என்பது தண்டத்தை நீக்கும் காரணமாகாது. ஆனால் முதற்தடவை என்பதையும், வீட்டில் நேர்ந்த மருத்துவ அவசரத்தையோ பழுதாகி நின்ற வண்டியையோ உரிய சீட்டுகளுடன் மரியாதையாக எடுத்துச் சொன்னால் குறைத்துத் தருவது உண்டு. கேட்டிருந்த நாளில் போகாமல் விட்டால் அதற்கும் தனியாகக் கட்டணம் சேர்க்கும் நகரசபைகள் உள்ளன.

தண்டம் ஓட்டியவரைத் தேடி வருவதில்லை. வாகனம் யார் பெயரில் பதிவாகியிருக்கிறதோ அவரைத்தான் சேரும். மைத்துனரின் காரை இரவல் வாங்கி வந்து இரவில் வீதியில் விட்டால், கடிதம் மைத்துனரின் வீட்டுக்குப் போகும். கட்டாமல் விட்டால் தாமதக் கட்டணங்கள் ஏறி, அந்தத் தொகை மாகாணத்தின் போக்குவரத்து அமைச்சுக்கு அனுப்பப்பட்டு, இலக்கத் தகட்டைப் புதுப்பிக்க முடியாத நிலை உண்டாகும். முன்பெல்லாம் புதுப்பித்ததற்கு அடையாளமாகத் தகட்டில் ஒட்டும் ஒட்டுத்தாளை வாங்கப் போகும்போது அங்கே சொல்லிவிடுவார்கள். 2022 மார்ச்சில் ஒட்டுத்தாள் நிறுத்தப்பட்டது. 2024 யூலை முதல் நிலுவை இல்லாதவர்களுக்குப் புதுப்பித்தல் தானாகவே நடந்துவிடுகிறது. நிலுவை இருப்பவருக்கு மட்டும் அது நடக்காது; தகடு காலாவதியானது தெரியாமலேயே மாதக்கணக்கில் ஓட்டித் திரிந்து, வீதியில் பொலிஸ் மறிக்கும்போதுதான் தெரியவரும். டிக்கெட்டுக்குப் பிறகு முகவரி மாறியிருந்தால் மாகாண அரசின் சேவை நிலையமான சேவிஸ் ஒன்ராறியோவில் வாகனப் பதிவின் முகவரியை ஆறு நாட்களுக்குள் மாற்றிவிடுங்கள். நினைவூட்டல் கடிதங்கள் எல்லாம் அந்த முகவரிக்குத்தான் போகின்றன.